ஏலக்காரி பங்கு

பனையந்துறைக் கடலில் சாளை மீன் பொய்த்துப்போன வருஷம், தை மாசத்துச் செவ்வாய்க்கிழமை ஒன்றில், வெயில் சூடேறத் தொடங்கியிருந்த நேரத்தில், வள்ள முதலாளி தொம்மைச் சம்மாட்டியின் வலையில் மீனுக்குப் பதிலாகப் பதினோரு புத்தகங்கள் ஏறின. ஏறியவை வள்ளத்தின் அடித்தட்டில் விழுந்து, ஒவ்வொன்றும் செவுள் திறப்பதுபோல ஒருமுறை விரியத் திறந்து, ஒருமுறை மூடி, பிறகு அடங்கிவிட்டன. வள்ளத்தின் முன்முனையான அணியத்தில் நின்றிருந்த கஸ்பார் ஒன்றைக் கையிலெடுத்துத் தண்ணீரை உதறினான். மை கலையவில்லை, தாள் ஊறவில்லை, அட்டையும் பெயர் போட்ட முதல் தாளும் மட்டும் எதிலும் இல்லை. அவற்றை மீன் தின்றிருக்கும் என்று பின்னால் நின்றவர்கள் சொன்னார்கள். கடல் கொடுத்ததைத் திருப்பிக் கடலிலேயே போட்டால் மறுநாள் வலை வெறுமையாக வரும் என்பது அந்தக் கரையில் எல்லாருக்கும் தெரிந்ததுதான். ஆகவே வள்ளம் புத்தகங்களோடு கரைக்கு வந்தது.

கரையில் எமரன்சியா நின்றிருந்தாள். பனையந்துறையில் மீனை ஏலம் கூறுகிறவள் அவள்தான். அவள் புருஷன் ஒன்பது வருஷத்துக்கு முன் இதே சம்மாட்டியின் பழைய வள்ளத்தோடு போய்த் திரும்பாதவன். அதனால் ஊர் அவளுக்கு அந்த வேலையைக் கொடுத்திருந்தது, அதற்கு வேண்டிய குரலை ஆண்டவர் முன்கூட்டியே கொடுத்திருந்தார். புத்தகங்களை மணலில் விரித்த சாக்கின்மேல் வரிசையாக வைத்ததும் அவள் ஒரு கணம்கூடத் தயங்காமல், தலையிலிருந்து வால்வரை மீனைப் பார்ப்பதுபோல ஒருமுறை பார்த்துவிட்டு, கையை உயர்த்திக் கூறத் தொடங்கினாள். ஐஸ் லாரிகளோடு வந்திருந்த வியாபாரிகள் குனிந்து பார்த்தார்கள்.

"இது என்னக்கா, எந்தக் கறிக்கு ஆவும்?" என்று ஒருவன் கேட்டான்.

"கேட்டாத் தெரியும். கேளு, வெல கேளு."

"முள்ளு இருக்கா?"

"ஒன் வாயிலதான் இருக்கு."

யாரும் விலை கேட்கவில்லை. விலை போகாத மீனைப் பங்கு வைப்பது கரையின் முறை. வள்ளத்தில் போன ஐந்து பேருக்கு ஆளுக்கொரு பங்கு, வள்ளத்துக்கு ஒன்று, வலைக்கு ஒன்று, கோயிலுக்கு ஒன்று. பெரிய மீனாக இருந்தால் அறுத்துத்தான் பிரிப்பார்கள். அறுக்கும்போது தலைத்துண்டு அணியத்தில் நிற்பவனுக்கு, வால்துண்டு ஏலம் கூறியவளுக்கு. ஆளுக்கொரு புத்தகமாக எடுத்துக்கொண்டால் என்ன என்று கஸ்பார் மெதுவாகக் கேட்டுப் பார்த்தான்.

"ஒருத்தனுக்குத் தடிச்சது, ஒருத்தனுக்கு மெலிஞ்சது. நாளைக்கு நீயா வந்து சண்ட வெலக்குவ?" என்றார் தொம்மைச் சம்மாட்டி. "இதுவரைக்கும் எப்படிப் பிரிச்சோமோ அப்படித்தான். அறுங்கல எல்லாத்தையும்."

அறுத்தார்கள். சூரை மீன் அறுக்கிற கத்தியால், முதுகுத் தையலை வகிர்ந்து, தாள்களை எண்ணி, ஒரு தாள் கூடாமல் குறையாமல் பிரித்தார்கள். பனையந்துறைக்காரர்கள் செய்த தவறு இது ஒன்றுதான், அதையும் அவர்கள் நியாயமாக நடந்துகொள்ளவேண்டும் என்ற ஒரே எண்ணத்தில்தான் செய்தார்கள். அந்தக் காலையில் தொடங்கி இரண்டு மாசம், கரையின் எல்லா வள்ளங்களிலும் புத்தகங்கள் ஏறிக்கொண்டே இருந்தன. கஸ்பாரின் வீட்டில் அவன் வள்ளத்துப் புத்தகங்களின் தலைகளும், எமரன்சியாவின் வீட்டில் எல்லா வள்ளத்துப் புத்தகங்களின் வால்களும் சேர்ந்துகொண்டே இருந்தன.

மீன் இல்லாத ஊரில் நேரம் நிறைய இருந்தது. நேரம் இருந்ததால் படித்தார்கள். யாருக்கு எது வாய்க்கும் என்று இல்லை. கடலுக்குக் கதை, கணக்கு, வைத்தியம், வானம் என்ற பேதம் தெரியாது, எல்லாவற்றையும் ஒரே வலையில் அனுப்பியது. கைலாசு வீட்டில் வானநூலின் நடுப்பகுதி இருந்தது, அதனால் அவனுக்குச் சனிக்கிரகத்தின் வளையங்கள் அத்துப்படி, வியாழனைப் பற்றிக் கேட்டால் அது எதிர்வீட்டுப் பங்கு என்பான். லூர்தக்காவுக்குக் கேக் செய்முறையில் மாவு பிசைகிறவரைக்கும் வந்திருந்தது. எவ்வளவு நேரம் வேகவைக்க என்பது சம்மாட்டி வீட்டில் இருந்தது, சம்மாட்டி வீட்டோடு அவளுக்குப் பேச்சுவார்த்தை இல்லை, ஆகவே அந்த வருஷம் ஊர் முழுக்க வேகாத கேக்கைத் தின்றது. கடல் தவிர எதையும் பார்த்திராத ஒரு மனிதன் குதிரைக்கு வரும் குளம்பு நோய்கள் பன்னிரண்டையும் வரிசை மாறாமல் சொல்லுவான், மருந்து ஒன்றுகூடத் தெரியாது. ஊர்க் கோயிலைப் பார்த்துக்கொள்ளும் பங்குச் சாமியாருக்கோ கோயில் பங்காக எப்போதும் வாலுக்குச் சற்று முந்திய தாள்களே கிடைத்தன. தலையும் வாலும் இல்லாத அவற்றை வைத்து அவர் ஒரு ஞாயிற்றுக்கிழமை ரயில் பாதைச் சட்டங்களைப் பற்றியும், மறு ஞாயிறு தேனீக்களைப் பற்றியும் பிரசங்கம் செய்தார், அவ்வளவு நல்ல பிரசங்கங்களை ஊர் அதற்குமுன் கேட்டதில்லை. பெண் பார்க்கப் போகிற வீடுகளில் நகைக்கு முன்னால் பக்கங்களை விசாரித்தார்கள். ஒரே கதையின் அடுத்தடுத்த பங்குகள் இருந்த இரண்டு வீடுகள் சம்பந்தம் பண்ணிக்கொண்டதும் நடந்தது.

எல்லாரும் கடைசியில் எமரன்சியாவிடம் வந்தாக வேண்டியிருந்தது. அவள் வீடு ஐஸ் கிடங்குக்குப் பின்னால், வாசலில் ஒரு பூவரச மரத்தோடு இருந்தது. ஒன்பது வருஷமாக அந்த வாசலுக்கு வராதவர்கள்கூட இப்போது வந்தார்கள். எட்டாம் வகுப்போடு நின்றவள் அவள். ஆனால் முடிவுகளை மட்டும் படித்துப் படித்து அவளுக்கு ஒரு விநோதமான படிப்பு சேர்ந்துவிட்டது. வானநூல் 'இதற்கு அப்பால் என்ன இருக்கிறதென்று தெரியவில்லை' என்று முடிந்தது. சமையல் நூல் ஊறுகாயில் முடிந்தது. சட்டநூல் ஒன்று, கையெழுத்துப் போடவேண்டிய வெற்றுப் படிவத்தில் முடிந்தது. துப்பறியும் கதைகளின் கொலைகாரர்கள் அத்தனை பேரும் அவள் வீட்டுத் தகரப்பெட்டியில் ஒருவர்மேல் ஒருவராகக் கிடந்தார்கள், யார் யாரைக் கொன்றார்கள், எதற்கு என்பது மட்டும் அவளுக்குத் தெரியாது.

"ஏளா எமரன்சி, அந்த டாக்டர் வீட்டுக் கதையில கொலகாரன் யாருன்னு மட்டும் சொல்லு, வேற ஒண்ணும் வேண்டாம்," என்று லூர்தக்கா வறுத்த நெத்திலியோடு வந்து உட்காருவாள்.

"சொல்லிட்டா நாளைக்கு வருவீயளா?"

"வராம எங்க போவேன்? சொல்லு."

"டிரைவர்தான்."

"நெனச்சேன்! மூதேவி, மூஞ்சியப் பாத்தாலே தெரியும்லா," என்று லூர்தக்கா எழுந்து போவாள். மறுநாள் வரமாட்டாள். முடிவு தெரிந்தவர்கள் யாரும் மறுநாள் வந்ததில்லை. இதை எமரன்சியா குறையாக எடுத்துக்கொள்ளவில்லை, ஆனால் கவனித்து வைத்திருந்தாள்.

கஸ்பார் மட்டும் மறுநாளும் வந்தான். முப்பத்துமூன்று வயது, கல்யாணமாகாதவன், எமரன்சியாவின் புருஷனுக்கு வள்ளத்துத் தோழன். அந்த உறவில் அவளை அண்ணி முறை வைத்து மைனி என்றுதான் கூப்பிடுவான். முதல் நாள் வந்தபோது, பூவரச மரத்தடியில் கவிழ்த்துக் கிடந்த ஐஸ் பெட்டியின்மேல் உட்கார்ந்து, "மைனி, தலையெல்லாம் என்ட்ட இருக்கு. வாலெல்லாம் உங்கட்ட இருக்கு. ரெண்டு பேரும் முண்டமில்லாத மீன வச்சுக்கிட்டு என்ன செய்ய?" என்றான். அவள் சிரித்துவிட்டாள், சத்தமாகச் சிரித்து வெகுநாள் ஆகியிருந்ததால் அவளுக்கே அது யாரோ சிரிப்பதுபோல இருந்தது.

அன்றிலிருந்து கடல் வேலை முடிந்த சாயங்காலங்களில், வாசல் கதவை ஊர் பார்க்க விரியத் திறந்து வைத்துக்கொண்டு, அவன் தொடக்கங்களைச் சொல்ல, அவள் முடிவுகளைச் சொல்ல, நடுவில் உள்ளவற்றை இரண்டு பேரும் வீடு வீடாகப் போய்க் கேட்டு வாங்கிப் படித்தார்கள். பனிமலை ஏறியவர்களின் கதையைப் படித்தார்கள். பட்டுப்பூச்சி வளர்ப்பதைப் படித்தார்கள். எலும்பு முறிவுக்குக் கட்டுப்போடுவதை, ராஜாக்கள் ஒருவரையொருவர் நஞ்சு வைத்துக் கொன்றதை, பேய்க்கதைகளை, வீடு கட்ட அஸ்திவாரம் தோண்டுவதைப் படித்தார்கள். ஒரு புத்தகம் முடியும்போது இன்னொன்று தொடங்கியிருக்கும்படி அவன் பார்த்துக்கொண்டான். எப்போது என்று அவளால் சொல்ல முடியாத ஒரு நாளிலிருந்து அவன் அவளை மைனி என்று கூப்பிடுவதை விட்டிருந்தான். கொஞ்ச நாள் எதுவும் சொல்லிக் கூப்பிடாமலே பேசினான். பிறகு ஒருநாள், கதையின் சுவாரசியத்தில் தன்னை மறந்து, "அதில்ல எமரன்சி" என்றான். சொன்னபின் இரண்டு பேரும் கொஞ்ச நேரம் பூவரச மரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

அப்போது அவர்கள் படித்துக்கொண்டிருந்தது ஒரு மலையூர்க் கதை. அந்த ஊரில் மணிக்கூண்டின் கடிகாரம் நின்றுபோகிறது. அதைச் சரிசெய்ய வெளியூரிலிருந்து ஒருத்தி வருகிறாள். கூண்டில் ஏறியவள் இறங்குவதில்லை. வேலை முடியவில்லையா, இறங்க மனமில்லையா என்று ஊருக்குத் தெரியாது. கீழே தச்சுவேலை செய்கிற ஒருவன் தினமும் ஒரு கூடையில் சாப்பாடு வைத்துக் கயிற்றில் மேலே அனுப்புகிறான், கூடை காலியாக இறங்கி வருகிறது. வருஷக்கணக்காக இதுதான் அவர்களுக்குள் நடந்த பேச்சு. ஒருநாள் கூடை தொடாத சோற்றோடு கீழே வருகிறது. அந்த இடத்தில், அந்த வரியில், கோயில் பங்கு முடிந்தது. மிச்சம் எட்டுத் தாள். அவை எமரன்சியாவின் பங்கு. எந்த முடிவையும் வந்த அன்றே படித்துவிடுகிறவள், இதை மட்டும் படிக்காமல் துணியில் சுற்றி வைத்திருந்தாள், ஏனென்றால் ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்ததும் சேர்ந்து படிப்பது என்று அவர்கள் பேசிவைத்திருந்தார்கள்.

சனிக்கிழமை சாயங்காலம் கஸ்பார் போகிற போக்கில் ஒன்று சொன்னான். அவன் அம்மா மதலேனம்மாள் பக்கத்துத் துறையில் அவனுக்கு ஒரு பெண் பார்த்திருப்பது ஊருக்கே தெரியும். "நாளைக்குக் கத முடிஞ்சதும் அம்மாட்ட ஒரு பதில் சொல்லியாவணும்," என்றான். சொல்லிவிட்டு எதற்கோ காத்திருப்பதுபோல நின்றான். அவள் எதுவும் சொல்லாததால் போய்விட்டான்.

அவன் போனபின் எமரன்சியா அந்த வாக்கியத்தைக் கையிலெடுத்து மீனைப் புரட்டுவதுபோலப் புரட்டிப் புரட்டிப் பார்த்தாள். கதை முடிந்ததும் பதில். முடிவு தெரிந்தவர்கள் மறுநாள் வருவதில்லை. அவன் அம்மாவிடம் சரி என்று சொல்லப்போகிறான், அவ்வளவு நாளும் கதைக்காகத்தான் வந்தான், எட்டுத் தாளில் எல்லாம் தீர்ந்துவிடும் என்று அவளுக்குத் தோன்றியது. வேறு மாதிரியும் இருக்கலாம் என்று ஒருமுறை தோன்றத்தான் செய்தது, ஆனால் அப்படி நினைக்கிற உரிமையை ஒன்பது வருஷமாக யாரும் அவளுக்குக் கொடுத்திருக்கவில்லை, தானே எடுத்துக்கொள்ள அவளுக்குப் பழக்கமில்லை.

ஞாயிற்றுக்கிழமை அவன் சலவைச் சட்டையோடு வந்து ஐஸ் பெட்டியின்மேல் உட்கார்ந்தபோது, அவள் அவன் முகத்தைப் பார்க்காமல் சொன்னாள். "அத ஆடு தின்னுட்டு கஸ்பாரு."

"எத?"

"எட்டுத் தாளயும். வாசல்ல வச்சிருந்தேன். லூர்தக்கா ஆடு."

"நீ படிச்சியா அதுக்கு முந்தி?"

"இல்ல."

அது உண்மைதான். அந்த ஒரு உண்மையின் பலத்தில் பொய்யும் நின்றுவிட்டது. அவன் எழுந்து லூர்தக்கா வீட்டுக்குப் போய் ஆட்டைப் பார்த்துவிட்டு வந்தான். ஆட்டைப் பார்த்து என்ன தெரிந்துகொள்ள முடியும் என்று ஊர் சிரித்தது, ஆடு கடிகாரம் மாதிரி அடிக்கிறதா என்று சிறுசுகள் அதன் வயிற்றில் காதை வைத்துப் பார்த்தன. அம்மாவிடம் அவன் எந்தப் பதிலும் சொல்லவில்லை. அந்தப் புத்தகத்தின் இன்னொரு பிரதி கடலில் இல்லாமலா போகும் என்று, போக வேண்டிய தூரத்துக்கு மேலும் போய் வலை விட்டான். ஆனால் அந்த வாரம்தான் சாளை திரும்பியது. வெள்ளியை உருக்கி ஊற்றியதுபோல வள்ளங்கள் நிறைந்து வந்தன, ஊர் கோயில் மணி அடித்துக் கொண்டாடியது, லாரிகள் வரிசை கட்டி நின்றன, அதன்பின் ஒரு புத்தகம்கூட வலையில் ஏறவில்லை. பங்குகளில் சில அலமாரியில் இருந்தன, சில பரணுக்குப் போயின, சிலவற்றில் கருவாடு கட்டினார்கள். ஒட்டித் தைத்து முழுப் புத்தகமாக்கிவிடலாம் என்று சாமியார் ஒரு மாசம் வீடு வீடாக அலைந்து பார்த்தார். யார் வீட்டில் வைப்பது என்ற கேள்வியில் அது நின்றுபோனது.

பாஸ்கு என்கிற ஈஸ்டர் திருநாள் கழிந்த வாரம் கஸ்பார் ஊரைவிட்டுப் புறப்பட்டான். எமரன்சியா பஸ் நிற்கும் இடத்துக்குப் போனாள்.

"எவனோ ஒருத்தன் எழுதித்தான இருப்பான். எங்கயோ அச்சடிச்சுத்தான இருப்பான். பேரு தெரியாட்டி என்ன, கதயச் சொல்லிக் கேக்கேன். கெடச்சதும் வந்துருதேன்."

"ஒரு கதைக்கா இவ்வளவு தூரம்?"

"தெரியாம இருக்க முடியல எமரன்சி."

அவள் கையிலிருந்த மீன்பையின் அடியில், துணிக்குள் எட்டுத் தாளும் இருந்தன. கொடுத்துவிடத்தான் கொண்டுவந்தாள். கொடுத்தால் அவன் போகமாட்டான் என்பது தெரியும். ஆனால் கொடுத்த அந்த நொடியில் அவள் பொய் சொன்னவளாக, அதுவும் எதற்காகச் சொன்னாள் என்று ஊரே யோசிக்கத் தொடங்குகிறவளாக ஆகிவிடுவாள். அவன் கண்ணில் அப்படி நிற்பதைவிட அவன் கண்ணில் படாமல் இருப்பது மேல் என்று, பஸ் திரும்பி நிற்க எடுத்துக்கொண்ட நேரத்துக்குள் அவள் நினைத்துவிட்டாள். பஸ் போனது. மண் அடங்கியது. பையைத் திறந்து பார்த்தாள், திறக்காமலே தெரிந்திருந்தும்.

முதல் தபால் கார்டு பன்னிரண்டாம் நாள் வந்தது. எமரன்சியாவுக்கு என்று தொடங்கி, ஒரு பெரிய நூலகத்தில் கதையைச் சொன்னதாகவும், கேட்டவர் கடிகாரம் என்ற சொல்லை மட்டும் காதில் வாங்கிக்கொண்டு கடிகாரப் பற்சக்கரங்களைப் பற்றிய புத்தகத்தைக் கொடுத்ததாகவும், அதில் முடிவு இல்லையென்றாலும் மூன்று நாள் உட்கார்ந்து படித்து முடித்ததாகவும், நீயும் படி என்றும் எழுதியிருந்தான். அடுத்த ஊரில் ஒருவர் மலை என்பதைப் பிடித்துக்கொண்டு பாறைகளின் வயதைச் சொல்லும் நூலை எடுத்துத் தந்தார். இன்னொருவர் கூடையைக் கேட்டுப் பிரம்பு பின்னுவதை. ஒரு நூலகத்தில் வயதான அம்மா ஒருத்தி முழுக்கதையையும் பொறுமையாகக் கேட்டுவிட்டு, இறங்காத பெண்களைப் பற்றியா கேட்கிறீர்கள் என்று மனநோய் மருத்துவம் ஒன்றைக் கொடுத்தாள். பக்கத்தில் நின்ற வக்கீல், காலிசெய்ய மறுக்கும் குடியிருப்பவர் பற்றிய சட்டத்தைப் பார்க்கச் சொன்னார். ஒரே கதையைத்தான் அவன் எல்லா ஊரிலும் சொன்னான், ஒவ்வொரு ஊரும் அதில் வேறொன்றைக் கேட்டு வேறொரு புத்தகத்தை நீட்டியது. எதிலும் முடிவு இல்லை. எதையும் அவன் படிக்காமல் திருப்பவும் இல்லை. பதில் எழுத முகவரி மட்டும் எந்தக் கார்டிலும் இருக்காது, ஏனென்றால் அடுத்த நாள் அவன் அங்கே இருக்கமாட்டான்.

எமரன்சியா ஏலம் முடிந்த கையோடு பஸ் ஏறிப் பக்கத்து ஊர்க் கிளை நூலகத்துக்குப் போய், கார்டைக் காட்டி, அதே புத்தகத்தைக் கேட்டு வாங்கி வந்தாள். இருந்தவற்றைப் படித்தாள், இல்லாதவற்றுக்குப் பக்கத்தில் இருந்ததைப் படித்தாள். தலையோடும் முண்டத்தோடும் வாலோடும் புத்தகங்களைப் படிப்பது அவளுக்குப் புதிது. ஒரு விஷயம் எப்படித் தொடங்குகிறது என்பதை நாற்பது வயதை நெருங்கும்போது கற்றுக்கொண்டாள். அவன் போன வழியில் சில வாரங்கள் பிந்தி, பாறைகளும் பற்சக்கரங்களும் பைத்தியங்களும் குடிக்கூலிச் சட்டமும் இருந்த அந்த நீண்ட பாதையில் அவளும் நடந்துகொண்டிருந்தாள். ஒவ்வொரு புத்தகத்திலும் அவன் எந்த வரியில் நின்று யோசித்திருப்பான் என்று அவளுக்குத் தெரிந்தது, அந்த வரியில் அவளும் கொஞ்சம் நின்றாள், கேட்கத்தான் ஆளில்லை.

நாலாவது வருஷம் ஒரு கார்டு வந்தது. இப்போ அந்த முடிவத்தான் தேடுதேனான்னு எனக்கே தெரியல எமரன்சி, என்று இருந்தது அதில், கீழே ஒரு புத்தகத்தின் பெயரும் இல்லை. அதன்பின் கார்டு வரவில்லை.

ஏழாவது வருஷம் அம்மா மதலேனம்மாள் இறந்தபோது, சாமியார் அனுப்பிய தந்தி கிடைத்து, மூன்றாம் நாள் பூசைக்குக் கஸ்பார் வந்தான். மயிர் நரைத்திருந்தது, கண்ணாடி போட்டிருந்தான், விரல் நுனிகளில் பசை காய்ந்து தோல் தடித்திருந்தது. வடக்கே ஏதோ ஓர் ஊரில் பழைய புத்தகங்களைத் தைத்து ஒட்டிக் கட்டுகிற வேலை பார்க்கிறானாம். துக்க வீட்டில் எல்லாரும் கலைந்தபின், சாயங்கால வெயிலில், தானாகவே நடந்து எமரன்சியாவின் வாசலுக்கு வந்தான்.

"நல்லா இருக்கீயளா மைனி?" என்றான்.

அந்த ஒரு சொல்லில் அவளுக்கு எல்லாம் புரிந்துவிட்டது. ஆனாலும் உட்காரச் சொன்னாள், தண்ணீர் கொடுத்தாள்.

"தனியாவா வந்த?"

"அவளயும் கூட்டிட்டு வரலாம்னுதான் பாத்தேன். லீவு கெடைக்கல. பள்ளிக்கூடத்துல டீச்சரு."

"அடுத்த தடவ கூட்டிட்டு வா. சாளைப் புளிமுளக் கொழம்பு வச்சுத் தாரேன்."

"கண்டிப்பா."

அதற்குமேல் அவளால் தள்ளிப்போட முடியவில்லை. உள்ளே போய்த் துணிச்சுற்றைக் கொண்டுவந்து, பிரித்து, அவன் மடியில் வைத்தாள். "ஆடு திங்கல கஸ்பாரு. என்ட்டதான் இருந்துது. நான் படிக்கல, பிரிக்கக்கூட இல்ல. ஆனா என்ட்டதான் இருந்துது."

அவன் கோபப்படுவான் என்று ஏழு வருஷமாக அவள் ஒத்திகை பார்த்து வைத்திருந்த பதில்களுக்கு வேலை வரவில்லை. அவன் ஓரங்களைத் தடவிப் பார்த்தான், தொழில்காரன் பார்ப்பதுபோல. கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு, அவளுக்கும் கேட்கும்படி, மெதுவாக வாசித்தான். தொடாத சோற்றுக் கூடையைக் கையில் வைத்துக்கொண்டு தச்சன் நிற்கிறான், ஊர் கூடுகிறது, ஆளுக்கொன்று சொல்கிறார்கள், செத்திருப்பாள் என்கிறான் ஒருவன், பசியில்லாமல் இருக்கும் என்கிறாள் ஒருத்தி, ஏழு தாளுக்கு ஊர்தான் பேசுகிறது, எட்டாவது தாளில் தச்சன் யாரிடமும் எதுவும் சொல்லாமல் கூண்டின் கதவைத் தள்ளி, இருட்டில் தடவி, முதல் படியில் காலை வைக்கிறான். அதன் கீழே ஒரு சின்னக் கோடு. கோட்டின் கீழே, முதல் பாகம் முற்றும்.

கஸ்பார் அதை இரண்டாவது முறை பார்த்தான். பிறகு சிரித்தான், கசப்பே இல்லாத, பழைய சிரிப்பு. தாளைத் திருப்பி அவளுக்குக் காட்டினான்.

எமரன்சியா பார்த்தாள். அந்த ஞாயிற்றுக்கிழமையே துணியைப் பிரித்திருந்தால், இரண்டு பேரும் தலையில் கைவைத்துச் சிரித்திருப்பார்கள், மறுநாள் வள்ளம் கரைக்கு வரும்போது வந்துச்சா என்று அவள் கேட்டிருப்பாள், வரல என்று அணியத்திலிருந்தே அவன் கையை விரித்திருப்பான், அதற்கடுத்த நாளும் கேட்டிருப்பாள், சாளை வந்தாலும் கேட்டிருப்பாள், புத்தகம் வராத கடலைப் பார்த்து வருஷம் வருஷமாகக் கேட்டுக்கொண்டே அவர்கள் கிழமாகியிருப்பார்கள், அந்த இரண்டாம் பாகம் வந்திருக்கவே வேண்டாம். முடிவு என்று நினைத்து அவள் ஒளித்து வைத்தது முடிவே இல்லை.

"ஒண்ணு கேக்கட்டா?" என்றாள். "அன்னைக்கு அம்மாட்ட என்ன சொல்ல இருந்த?"

அவன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தான். அவளைச் சமாதானப்படுத்த ஒன்றைத் தேடுகிறானோ என்று அவள் அவன் முகத்தைப் பார்த்தாள். அப்படி இல்லை, உள்ளதைத்தான் தேடிக்கொண்டிருந்தான்.

"எனக்கே தெரியாம இருந்துது மைனி. எனக்குத் தைரியம் இல்ல. அந்தத் தச்சன் மேல ஏறிப் போயிட்டான்னா, நானும் உங்கட்ட கேட்டுரணும்னு வச்சிருந்தேன். ஏறலன்னா, அம்மா சொன்ன எடம்."

கிடங்கின் கூரைமேல் வெயில் இறங்கிக்கொண்டிருந்தது. எமரன்சியா எட்டாவது தாளை வாங்கி, கடைசி வரியை விரலால் தொட்டாள்.

"கால் வச்சிருக்கானே," என்றாள்.

"ஆமா," என்றான் கஸ்பார். "வச்சிருக்கான்."

தூரத்தில் ஆறரை மணி பஸ்ஸின் சத்தம் கேட்டது. அவன் எழுந்து, ஐஸ் பெட்டியைத் தள்ளி வைத்து, போய்வருகிறேன் என்பதுபோலத் தலையசைத்துவிட்டு நடந்தான். சாயங்கால வள்ளங்கள் கரை சேர்ந்திருக்க வேண்டும், எமரன்சியைக் காணோமே, எங்கட்டி போனா என்று யாரோ அவளைத் தேடிச் சத்தம் போட்டார்கள். வந்துட்டேன் என்று பதில் கொடுக்க வாயைத் திறந்தாள். ஊரே கேட்கும் அந்தக் குரல், அன்றைக்கு மட்டும், வெளியே வர வெகுநேரம் எடுத்துக்கொண்டது.